மீனாவை வரைந்தவர்

கேள்வி: டி.வி. கார்ட்டூன்களை இயக்கித் தயாரித்த நம்மவர் உண்டா? என் மகள் அந்தத் தொழிலுக்குத்தான் போவேன் என்கிறாள். (வாசகி, கடலூர் முதுநகர்)

பதில்: ராம் மோகன் இருந்தாரே! சென்னைப் பல்கலைக்கழகத்தில் வேதியியல் படித்தவர். 1956-ல் பம்பாய் பிலிம்ஸ் டிவிஷனில் சேர்ந்து, டிஸ்னியிலிருந்து வந்த கிளேர் வீக்ஸிடம் வரையக் கற்றார். 1972-ல் சொந்த நிறுவனம், 2014-ல் பத்மஸ்ரீ.

எனக்குப் பெரிதாகப் படுவது, யுனிசெஃபுக்காக அவர் உருவாக்கிய ‘மீனா’ கார்ட்டூன்தான். அதன் ஒரு கதையில் மாம்பழத்தில் தம்பி ராஜுவுக்குப் பெரிய துண்டு, மீனாவுக்குச் சின்னது. எத்தனை வீட்டில் நடப்பது! பெண்பிள்ளைகளுக்காக அப்படிப் பேசிய கார்ட்டூன் அபூர்வம்.

திரையில் ஒரு நொடி ஓட 24 பிரேம் வேண்டும். பொறுமைதான் முதல் பாடம். மகளுக்கு ஒரு தடித்த நோட்டு வாங்கிக் கொடுங்கள். துறைமுகத்துப் படகு அசைவதைப் பக்கம் பக்கமாக வரையட்டும். தடுக்காதீர்கள், அம்மா.