வாங்கில் இருக்க இடம்

"பிள்ளையை ஸ்கூல்ல சேத்துட்டோம், இனி டீச்சர் பாத்துக்குவாங்க" என்று நம்மில் பலர் இருந்துவிடுகிறோம். வகுப்பில் எங்கே உட்கார வைத்தார்கள் என்றும் கேட்க வேண்டும். அதற்கு யாழ்ப்பாணத்தில் நடந்த ஒரு சங்கதியை இம்முறை பார்ப்போம்.

வெள்ளைக்காரன் காலத்தில் அங்குள்ள மிஷன் பாடசாலைகள் பல, ஒடுக்கப்பட்ட சாதிப் பிள்ளைகளையும் சேர்த்துக்கொண்டன. ஆனால் மற்றவர்களுக்கு வாங்கு, இவர்களுக்குத் தரை. அரசாங்க உதவிப் பணம் வாங்கும் பாடசாலைகளில் எல்லாருக்கும் சம ஆசனம் வேண்டுமென 1929இல் உத்தரவு வந்தது. ஒரு பலகை வாங்கு, அவ்வளவுதான்! அதற்கே ஊர் கொந்தளித்தது. எதிர்த்து மனுக்கள் போயின. 1930 அளவில் சில பாடசாலைகளுக்குத் தீயே வைத்தார்கள். எல்லாரையும் குறை சொல்லக் கூடாது. ஹன்டி பேரின்பநாயகம் முதலானோரின் யாழ்ப்பாண வாலிபர் காங்கிரஸ் சம ஆசனத்தின் பக்கம் நின்றது.

எரிந்த கொட்டகையைத் திரும்பக் கட்டலாம். படிப்பை விட்டுப் போன பிள்ளை திரும்பி வருமா? உத்தரவு வந்த பிறகும் ஏச்சுப் பேச்சு ஓயவில்லை. 1927இல் பிறந்த டொமினிக் ஜீவா, வகுப்பில் சாதியைச் சொல்லி ஏசியதால் படிப்பை விட்டுச் சவரக் கடைக்குப் போனவர். பிறகு அவர் சாகித்திய மண்டலப் பரிசு வாங்கினார், 1966இல் 'மல்லிகை' சஞ்சிகையைத் தொடங்கினார். அவர் தப்பிக்கொண்டார். அவர் மாதிரி எழுந்து போய், பேர் தெரியாமலே போனவர்கள்? சிறுபான்மைத் தமிழர் மகாசபை தங்கள் பிள்ளைகளுக்காகத் தானே பாடசாலைகள் திறக்க வேண்டியதாயிற்று. சாதியைக் காட்டிப் பாடசாலையில் சேர்க்க மறுப்பது குற்றம் என்று 1957இல் சட்டமே வந்தது. அப்படியும் கோயில் வாசலிலும் தேநீர்க் கடையிலும் 1960களில் போராட வேண்டியிருந்தது.

நம் மலைநாட்டுக் கதை வேறு. யாரும் கொளுத்தவில்லை, தனியாக விட்டுவிட்டார்கள். 1960, 61இல் உதவி பெறும் பாடசாலைகளை அரசாங்கம் பொறுப்பேற்றபோது தோட்டப் பாடசாலைகள் வெளியே நின்றன. 1977 முதல்தான் படிப்படியாக எடுத்தார்கள். அதுவரை பெரும்பாலும் அஞ்சாம் வகுப்போடு சரி. அதன் நஷ்டம் இன்றும் நம் வீடுகளில் இருக்கிறது.

கொலன்னாவை, கொட்டாஞ்சேனை, வெள்ளவத்தைப் பக்கம் வேலைக்குப் போய் அங்கேயே பிள்ளையைச் சேர்க்கும் குடும்பங்களும் உண்டு. "தோட்டத்துப் பிள்ளை" என்று கடைசி வாங்கில் ஒதுக்குகிறார்களா? பெற்றார் கூட்டத்துக்குப் போனால் வகுப்பறையையும் எட்டிப் பாருங்கள், அதிபரிடம் மரியாதையாகக் கேளுங்கள். லயத்திலே "அந்த வீட்டுப் பிள்ளையோட உக்காராதே" என்று நாமே சொல்லிக் கொடுப்பதும் உண்டே! இன்று ராத்திரி சோறு போடும்போது கேட்டுப் பாருங்கள்: "வகுப்புல ஒன் பக்கத்துல யாரு இருக்கா?"