காலம் நெய்த துணி
(கோடாலிகருப்பூர்ச் சேலை பற்றிய ஒரு கட்டுரை)

முன்னுரை

காலத்தையே நூலாக நூற்று, இறந்த காலத்தைப் பாவாகவும் நிகழ்காலத்தை ஊடையாகவும் ஓட்டி நெய்த மாயத் துணி ஒன்று கதைகளில் வருவதுண்டு. அதனை விரித்துப் பார்ப்பவனுக்கு அரசர்கள் வாழ்ந்ததும் வீழ்ந்ததும் தெரியுமாம். இது கற்பனையே. ஆயினும், இக்கற்பனைக்கு மிக நெருங்கிய ஒரு துணி நம் மண்ணிலேயே நெய்யப்பட்டது என்பதை நம்முள் எத்தனை பேர் அறிவோம்?

ஆண்டிமடத்திலிருந்து தெற்கே செயங்கொண்டம், தா.பழூர் வழியாகச் சென்றால் கொள்ளிடத்தின் வடகரையில் கோடாலிகருப்பூர் என்னும் சிற்றூர் உள்ளது. இவ்வூரின் பெயரைத் தாங்கிய சேலைகள் இன்று இலண்டன் விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகம் போன்ற இடங்களில் பாதுகாக்கப்படுகின்றன. ஊரில் உள்ள நாமோ அவற்றைக் கண்டதில்லை.

கல்லும் நூலும்

வரலாறு என்றவுடன் நம் மாவட்டத்தார்க்கு நினைவு வருவது கங்கைகொண்ட சோழபுரம். 11ஆம் நூற்றாண்டில் முதலாம் இராசேந்திரன் எழுப்பிய கோயில் இன்றும் நிற்கின்றது. அதே நூற்றாண்டில், 1066இல் இங்கிலாந்து வெல்லப்பட்ட வரலாற்றை ஏறத்தாழ 70 மீட்டர் நீளத் துணியில் ஊசியும் நூலும் கொண்டு எழுதினர் ஐரோப்பியர். அத்துணி பிரான்சு நாட்டின் பேயோ நகரின் பெயரால் வழங்குகின்றது. அந்நாட்டார் அதனை ஓர் ஆவணமாகவே போற்றிக் காத்தனர்.

கல் தானே நிற்கும். துணி அவ்வாறு நிற்பதில்லை. கறையானும் ஈரமும் வெயிலும் அதற்குப் பகை. காப்பாற்றும் கை இருந்தால்தான் துணி வாழும்.

அரசவைத் துணி

17ஆம் நூற்றாண்டின் பிற்பகுதி முதல் தஞ்சையை மராட்டிய மன்னர்கள் ஆண்டனர். 1799இல் ஆட்சிப் பொறுப்பு ஆங்கிலக் கம்பெனியின் கைக்குச் சென்ற பின்னரும், இரண்டாம் சரபோசி (1798–1832), அவர் மகன் இரண்டாம் சிவாசி (1832–1855) ஆகியோரின் அரண்மனை கலைகளைப் பேணி வந்தது. அந்த அரண்மனைக்காகவே கருப்பூரில் சேலைகளும் தலைப்பாகைத் துணிகளும் உருவாயின. திருமண காலங்களில் இவை பிற மராட்டிய அரச குடும்பங்களுக்குப் பரிசாகவும் அனுப்பப்பட்டன. இவை கடைவீதியில் விற்கும் சரக்கு அல்ல.

இரு கலைகளின் கூட்டு

இச்சேலையின் சிறப்பு, நெசவும் ஓவியமும் ஒரே துணியில் கலந்ததாகும்.

முதலில் மெல்லிய பருத்திப் பாவில் சரிகையைக் கூடுதல் ஊடையாகக் கோத்துப் புட்டாக்கள் நெய்யப்படும். இச்சரிகை நாடாவில் ஏறித் துணியின் குறுக்கே முழுவதும் ஓடுவதில்லை. பூ வரும் இடத்தில் மட்டும் கையால் நுழைத்துத் திருப்ப வேண்டும். வங்கத்தின் டாக்கா சாம்தானியும் இவ்வகை நெசவே. அதனை 2013இல் யுனெஸ்கோ மனித குலத்தின் மரபுச் செல்வமாக ஏற்றுக்கொண்டது. ஓர் ஊடை விழுந்து அடுத்த ஊடை விழுவதற்குள் பல பூக்களுக்குத் தனித்தனியே சரிகை கோக்க வேண்டுமாதலின், வேலை மிக மெதுவாகவே நகரும்.

தறியிலிருந்து இறங்கிய துணி அடுத்து ஓவியர் கைக்குச் செல்லும். சாயம் ஏறக்கூடாத இடங்களை மெழுகிட்டு மூடுவர். எஞ்சிய பருத்தியில் சிவப்பும் கருமையும் ஏற்றுவர். பொதுவாக இவ்வகை இயற்கைச் சாய வேலையில் படிகாரம் சிவப்பைப் பற்றவைக்கும். இரும்புத் துருவும் வெல்லமும் சேர்த்துப் புளிக்க வைத்த நீர், கடுக்காய் ஏற்றிய துணியில் கருமை தரும். ஒவ்வொரு நிறத்திற்கும் தோய்த்தல், அலசல், உலர்த்தல் என முறைகள் திரும்பத் திரும்ப நடைபெறும். ஓடும் நீர் நிறைய வேண்டிய இத்தொழிலுக்குக் கொள்ளிடக்கரை எவ்வளவு ஏற்ற இடம் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை.

முடிவில் செந்நிறத் தரையினூடே பொன் மங்கலாக ஒளிரும். பளபளப்பைத் தணித்து அழகு செய்த அடக்கம் இதன் தனித்தன்மை. நெய்பவர் கோத்த பொன் ஓரிடத்திலும் ஓவியர் இட்ட கோடு வேறிடத்திலும் அமைந்தால் சேலை பாழ். எனவே, பின்னால் வரப்போகும் கையை மனத்தில் கொண்டே முதற்கை உழைக்க வேண்டியிருந்தது. காலத்தை நூலாக நெய்வது என்பது இதுவன்றி வேறென்ன?

அறுந்த இழை

1855இல் இரண்டாம் சிவாசி ஆண் வாரிசின்றி மறைந்தார். கம்பெனி அரசு தஞ்சை அரச பட்டத்தையே ஒழித்தது. வாங்குவோர் மறைந்ததும் கருப்பூர்த் தறிகளுக்கு வேலை குறைந்தது. காலப்போக்கில் அந்நெசவு வழக்கொழிந்தது. கலைஞர்க்குத் திறமை குறைந்து கலை அழியவில்லை. ஒரே வாயிலை நம்பி வாழ்ந்த கலை, அவ்வாயில் அடைபட்டதும் அழிந்தது. இதுவே நாம் கற்க வேண்டிய பாடம்.

இதற்கு மறுபக்கச் சான்றும் உண்டு. அரண்மனையை மட்டும் நம்பாமல் கோயில்களைச் சார்ந்திருந்த ஓவியக் கலை பிழைத்துக்கொண்டது. தேர்த் தொம்பை, தோரணம், விதானம் ஆகியவற்றில் தீட்டப்படும் கருப்பூர்க் கலம்காரி ஓவியம் 2021இல் புவிசார் குறியீடு பெற்றது. பொன்னிழைச் சேலையை அருங்காட்சியகத் துணிகளைப் பார்த்து மீண்டும் நெய்யும் முயற்சிகளும் அண்மைக் காலங்களில் நடந்துள்ளன. ஆனால், பார்த்து நெய்வது வேறு. தந்தை கைபிடித்துக் கற்பித்து நெய்வது வேறு. துணியில் வடிவம் தெரியும்; விரலின் பழக்கம் தெரியாது.

முடிவுரை

செயங்கொண்டம், உடையார்பாளையம், வாரியங்காவல், இலையூர் ஆகிய ஊர்களில் இன்றும் கைத்தறி ஒலி கேட்கின்றது. நம்முடன் பயிலும் மாணவர் பலர் அவ்வில்லங்களிலிருந்து வருகின்றனர். பாவு ஓடும் முறை, கஞ்சியின் பதம், விழுது கட்டும் கணக்கு, புட்டாக்களின் பெயர்கள் ஆகியவற்றை அறிந்த பெரியோர் நம் வீடுகளில் உள்ளனர். விடுமுறையில் அவர்கள் அருகில் அமர்ந்து, அச்சொற்களை ஒரு குறிப்பேட்டில் எழுதிக்கொள்வது நம்மால் இயலாத செயலன்று. கருப்பூரில் அன்று எவரேனும் அவ்வாறு எழுதி வைத்திருந்தால், இன்று கடல் கடந்து சென்று துணியைக் கேட்க வேண்டியதில்லை.

மாயத் துணி கதையில் இருக்கட்டும். நம் வீட்டுத் தறியில் இருக்கும் பாவு அறுபடாமல் காப்போம்!