அரசு லேப்டாப்பில் விண்டோஸ் கேம்

பெரம்பலூர், அரியலூர் பக்கம் பல வீடுகளில் பிளஸ் டூ காலத்து அரசு லேப்டாப் இன்னும் பரணில் கிடக்கிறது. 2011-இல் தொடங்கிய திட்டம் அது. விண்டோஸுடன் சி-டாக் நிறுவனம் உருவாக்கிய பாஸ் லினக்ஸ் இயங்குதளமும் சேர்த்தே கொடுத்தார்கள். விண்டோஸ் படுத்துவிட்டதென்று காயலான் கடைக்குப் போட வேண்டாம். லினக்ஸிலேயே பழைய விண்டோஸ் கேம்களை ஆடலாம்.

லினக்ஸில் 'வைன்' என்ற இலவச மென்பொருளை நிறுவுங்கள். விண்டோஸிடம் கேம் கேட்கும் வேலைகளை லினக்ஸுக்குப் புரியும்படி மாற்றிக் கொடுப்பது இதுதான். 1993 முதல் வளர்ந்துவரும் சங்கதி. பழைய கேம்கள் பெரும்பாலும் 32 பிட் என்பதால், வைனின் 32 பிட் பகுதியையும் மறக்காமல் சேர்க்கவும். கேமின் 'செட்டப்' கோப்பைத் திறந்ததும் எதுவும் நடக்காமல் நின்றால், பலருக்கும் காரணம் அந்தப் பகுதி இல்லாததாகத்தான் இருக்கும்.

டாஸ் காலத்து பிரின்ஸ் ஆஃப் பெர்சியாவுக்கு வைன் வேண்டாம், டாஸ்பாக்ஸ் போதும்.

புது லேப்டாப் வைத்திருப்பவர்கள் ஸ்டீம் கேம் தளத்தின் செயலியில் 'புரோட்டான்' வசதியை இயக்கினால் பெரிய கேம்களும் ஓடும். ஆனால் வேலரன்ட் கேம் லினக்ஸில் ஓடாது. அதன் ஏமாற்றுத் தடுப்பு மென்பொருள் விடாது. பழைய அரசு லேப்டாப்பில் புரோட்டானை முயல்வது வீண்வேலை, கிராபிக்ஸ் தாங்காது.

பென் டிரைவில் சுற்றும் கிராக் கேம்களைத் தொடாதீர்கள். விண்டோஸ் வைரஸ் வைன் வழியாகவும் ஓடும். உங்கள் கோப்புகள் அதன் கைக்கு எட்டும். போட்டோ, சான்றிதழ்களை முதலில் வேறிடத்தில் நகலெடுத்துவிட்டு ஆடுங்கள்.