சிந்துவெளிக் கூடத்தில் ஒரு மணி நேரம்

மொகஞ்சதாரோவின் ‘நடனப் பெண்’ சிலையைப் பாடநூலில் பார்த்துப் பழகிய மாணவர், புதுடில்லி தேசிய அருங்காட்சியகத்தில் அதன் முன் நிற்கும்போது முதலில் அடைவது வியப்பு. பெரும்பாலும் சிறிது ஏமாற்றம் கலந்த வியப்பு. நூலில் அரைப் பக்கத்தை நிரப்பிய அந்த வெண்கல உருவத்தின் உயரம் 10.5 சென்டிமீட்டர்தான். உள்ளங்கையில் அடங்கிவிடும். துணையின்றி வருவோர் பலர் அதைத் தேடிக் கண்டு, ‘இவ்வளவுதானா’ என்று எண்ணி அடுத்த கூடத்துக்குச் சென்றுவிடுகின்றனர். தேர்ந்த வழிகாட்டியோடு வருவோர் அங்கேயே கால் மணி நேரம் நின்றுவிடுகின்றனர். பொருளும் ஒன்றே, பெட்டியும் ஒன்றே. இவ்வேறுபாடு எவ்வாறு நேருகிறது என்பது வரலாறு பயிலும் மாணவரும், அருங்காட்சியகப் பொறுப்பில் உள்ள அலுவலரும் ஆராய்ந்தறியத் தக்கதாகும்.

தேசிய அருங்காட்சியகம் 1949 ஆகஸ்ட் 15 அன்று குடியரசுத் தலைவர் மாளிகையில் தொடங்கப்பெற்றது. 1947-48இல் இலண்டனில் நடைபெற்ற இந்தியக் கலைக் கண்காட்சிக்குச் சென்று திரும்பிய பொருள்கள் அதன் தொடக்கத்துக்குக் காரணமாயின. ஜன்பத் சாலையில் உள்ள கட்டடம் 1960 டிசம்பர் 18 அன்று திறக்கப்பட்டது. இந்நிறுவனத்தின் செல்வங்களுள் தலையாயது சிந்துவெளித் தொகுப்பே எனலாம்.

பெயரும் பொருளும்

வழிகாட்டிச் சுற்றின் முதல் பாடம் பெயர்களைப் பற்றியதாக இருத்தல் நலம். சிந்துவெளி நாகரிகத்தின் கண்டுபிடிப்பை அன்றைய தொல்லியல் தலைமை இயக்குநர் ஜான் மார்ஷல் 1924 செப்டம்பர் 20 அன்று உலகுக்கு அறிவித்தார். அதைத் தொடர்ந்த ஆண்டுகளில் மண்ணிலிருந்து வெளிவந்த ஆயிரக்கணக்கான பொருள்களுக்கு அகழாய்வாளர்கள் பெயரிட வேண்டியிருந்தது. எழுத்துச் சான்று துணைபுரியாத நிலையில், தாங்கள் அறிந்திருந்த உலகிலிருந்தே அவர்கள் பெயர்களை எடுத்தனர். இடுப்பில் கையூன்றி, ஒரு காலைச் சற்றே மடக்கி நிற்கும் உருவம் ஆடல் மகளிரை நினைவூட்டியது. அவ்வுருவம் ‘நடனப் பெண்’ ஆயிற்று. பூவேலைப்பாடுள்ள மேலாடை அணிந்து, கண்களைப் பாதி மூடியிருக்கும் தாடிக்காரர் ‘பூசாரி அரசர்’ ஆனார். அச்சிலை இன்று பாகிஸ்தானில் உள்ளது. அப்பெண் ஆடினாள் என்பதற்கோ, அம்மனிதர் ஆண்டார் என்பதற்கோ சிலைகளில் சான்றேதும் இல்லை.

ஆகவே, நல்ல வழிகாட்டி பெயர்ப்பலகையைப் படிப்பதோடு நிற்பதில்லை. முதலில் கண்ணுக்குத் தெரிவதைச் சொல்ல வைக்கிறார். இடக்கையில் தோள்வரை வளையல்கள்; வலக்கையில் நான்கு மட்டும். தலைமுடி கொண்டையாகத் திரண்டு ஒருபுறம் சரிந்துள்ளது. பாதங்கள் இல்லை. மெழுகில் உருவம் செய்து, அதன்மேல் மண்பூசி, மெழுகை உருக்கி வெளியேற்றி, அவ்விடத்தில் உலோகத்தை வார்க்கும் முறையால் இது ஆக்கப்பட்டது. சுவாமிமலைச் சிற்பிகள் இன்றும் கையாளும் முறை இதுவே என்று சொன்னவுடன் தமிழ் மாணவர் முகம் மலர்வதுண்டு. மலரட்டும். ஆயினும், செய்முறை ஒன்றாயிருப்பது கொண்டு நேரடியான மரபுத் தொடர்ச்சி நிறுவப்பட்டுவிடாது என்பதையும் அதே மூச்சில் சொல்லிவிட வேண்டும்.

இந்தக் கட்டுப்பாடு மிகத் தேவைப்படும் இடம் முத்திரைப் பெட்டியாகும். ‘பசுபதி முத்திரை’ என வழங்கும் மாக்கல் முத்திரை ஏறத்தாழ மூன்றரை சென்டிமீட்டர் சதுரமே. கொம்பு அணிந்த உருவம் ஒன்று மேடைமீது கால்களை மடித்து அமர்ந்திருக்கிறது. சுற்றிலும் யானை, புலி, காண்டாமிருகம், எருமை. மேடையின் கீழே மான் போன்ற விலங்குகள். இவ்வுருவம் சிவபெருமானின் முன்னோடி வடிவம் என்ற கருத்தை மார்ஷல் 1931இல் வெளியான தம் நூலில் முன்வைத்தார். பிற்கால அறிஞர் சிலர் அம்முகத்தை மனித முகமாகவே கொள்ளாது எருமை முகமாகக் கண்டனர். மேலே உள்ள எழுத்துகளைப் படிக்க இயலாதவரை இவ்வழக்குக்கு இறுதித் தீர்ப்பு இல்லை. முத்திரையில் உள்ளது எது, மார்ஷல் கருதியது எது, பிறர் மறுத்தது எது என்று மூன்றாகப் பிரித்துச் சொல்ல இரண்டு நிமிடம் போதும். அந்த இரண்டு நிமிடத்தைச் சேமிக்கும் வழிகாட்டி, ஊகத்தை உண்மையாக்கி மாணவர் கையில் கொடுத்தனுப்புகிறார்.

எழுத்துச் சிக்கலைப் பற்றிப் பேசுகையில் ஐராவதம் மகாதேவனின் பணியைக் குறிப்பிடாமல் செல்வது முறையன்று. 1977இல் தொல்லியல் துறை வெளியிட்ட அவருடைய தொகுப்பு 2,906 எழுத்துப் பொறிப்புகளை நிரல்படுத்தி, 417 குறியீடுகளை இனங்கண்டது. பொறிப்புகள் சராசரியாக ஐந்து குறியீட்டளவே நீளமுள்ளவை. இருமொழிப் பொறிப்பு எதுவும் கிடைக்கவில்லை. இவ்விரண்டுமே பெருந்தடைகள். எழுத்தைப் படித்துத் தெளிவோருக்கு 10 இலட்சம் டாலர் பரிசு வழங்கப்படும் எனத் தமிழ்நாடு அரசு 2025 ஜனவரியில் அறிவித்தது இச்சிக்கலின் கடுமையைக் காட்டும்.

எடைக்கற்கள் சொல்வன

பெரும்பாலான பார்வையாளர் திரும்பியும் பாராத பெட்டி ஒன்று உண்டு. அதில் இருப்பவை கனசதுரமாக வெட்டி மெருகேற்றிய சிறு கற்கள். சுற்றின் மிகச் சிறந்த பகுதி இங்குதான் அமைய வேண்டும். ஏனெனில் இங்கு ஊகத்துக்கு வேலை குறைவு, அளவைக்கு வேலை மிகுதி. இக்கற்களின் எடை 1, 2, 4, 8, 16, 32, 64 என்று இரட்டிப்பாக உயர்கிறது. மிகச் சிறிய அலகு ஒரு கிராமுக்கும் சற்றுக் குறைவு. மிகுதியாகக் கிடைக்கும் 16ஆம் மடங்குக் கல் ஏறத்தாழ 13.7 கிராம். பேரெடைகளில் பதின்ம முறை தலைகாட்டுகிறது. ஏழே கற்களைக் கொண்டு ஓர் அலகு முதல் 127 அலகு வரை எந்த எடையையும் நிறுத்துவிடலாம் என்பதை மாணவர்களையே கணக்கிடச் செய்தால், கற்காலம், செப்புக்காலம் என்ற சொற்கள் அவர்கள் மனத்தில் ஏற்றியிருந்த ‘பின்தங்கிய மக்கள்’ என்ற படம் தானாகக் கலைந்துவிடும்.

பஞ்சாபில் ஹரப்பாவிலும் குஜராத்தில் லோத்தலிலும் ஒரே எடை முறை வழங்கியிருக்கிறது. அவ்வளவு தொலைவில் கல்லின் எடையை ஒழுங்குபடுத்தியவர் யார்? அரண்மனை என்று ஐயமின்றிச் சொல்லத்தக்க கட்டடம் எதுவும் அகழ்ந்த நகரங்களில் கிடைக்கவில்லை. நிர்வாகத் துறையில் இருப்போரை இவ்வினா தனியாகக் கவர்வதில் வியப்பில்லை. ரூபாய்க்கு 16 அணா என்ற கணக்கு 1957 ஏப்ரலில் பதின்ம நாணய முறை வரும்வரை வழங்கியதை இங்கு நினைவூட்டுவோர் உண்டு. ஒப்புமை சுவையானதே, ஆனால் இதுவும் ஒப்புமை மட்டுமே.

பாதி மாலை

பொன்மணிகளும் பச்சை நிறக் கல்மணிகளும் கோத்த மொகஞ்சதாரோ மாலையின் முன் வழிகாட்டி குரலைத் தாழ்த்துவது வழக்கம். டில்லியில் இருப்பது மாலையின் ஒரு பகுதியே. 1947இல் நாடு பிரிவுற்றபோது மொகஞ்சதாரோப் பொருள்களைச் சரிபாதியாகப் பகிர்ந்துகொள்ள இரு அரசுகளும் உடன்பட்டன. பானைகளையும் முத்திரைகளையும் எண்ணிப் பிரிக்கலாம். ஒற்றை மாலையை எவ்வாறு பிரிப்பது? நூலை அவிழ்த்து மணிகளையே பங்கிட்டனர். நீண்ட சூதுபவள மணிகளால் ஆன மேகலைக்கும் இதுவே நேர்ந்தது. அத்தகைய நீண்ட மணி ஒன்றைத் துளையிட அக்காலக் கைவினைஞருக்குப் பல நாள் உழைப்பு தேவைப்பட்டிருக்கும் எனச் செய்முறை ஆய்வுகள் காட்டுகின்றன. ஒரு பொருளின் முழுமையே அதன் சான்று மதிப்பு என்னும் தொல்லியல் நெறி இங்குக் கணக்குப் புத்தகத்தின் நெறிக்கு இடங்கொடுத்தது. பெயர்ப்பலகையின் இரண்டு வரியில் இவ்வரலாறு அடங்காது. சொல்வதற்கு ஆள் வேண்டும்.

ஆளும் நேரமும்

நடைமுறையில் இடர் எழுவது இங்கேதான். கல்விச் சுற்றுலாவில் பேருந்து நிறைய வரும் மாணவர்களுக்கு ஒரே காலைப்பொழுதில் செங்கோட்டை, குதுப்மினார், அருங்காட்சியகம் மூன்றும் காட்டப்பட வேண்டும். கூடத்தில் வரிசையாக நடப்பதே சுற்று என்றாகிவிடுகிறது. ஐம்பது பேர் ஒரு மூன்றரை சென்டிமீட்டர் முத்திரையைச் சூழ்ந்தால் முதல் வரிசையில் உள்ளோர்க்கு மட்டுமே அது தெரியும். பதினைந்து பேருக்கு மேற்படாத குழுவும், ஒரு மணி நேரத்தில் ஐந்தாறு பொருள்களுக்கு மேற்படாத தெரிவும் வேண்டும். மாணவரோடு வரும் ஆசிரியர் முன்னதாகவே ஒருமுறை வந்து பார்த்துச் செல்வது இன்னும் நன்று. வழிகாட்டிப் பயிற்சியில் ஆண்டுகளையும் அரசமரபுகளையும் மனப்பாடம் செய்விப்பதற்குத் தரப்படும் இடத்தில் ஒரு பங்கையேனும் ‘இது தெரியவில்லை’ என்று அச்சமின்றிச் சொல்லும் பழக்கத்துக்குத் தருதல் வேண்டும். தெரியாததைத் தெரியாது என்று சொல்லும் வழிகாட்டியிடமே மாணவர் மேலும் வினவுகின்றனர்.

அகழாய்வுக் களத்திலேயே அமைந்த அருங்காட்சியகங்களுக்கு இதில் ஓர் இயற்கை வாய்ப்பு உண்டு. லோத்தலில் எஸ். ஆர். ராவ் 1955 முதல் மேற்கொண்ட அகழாய்வில் வெளிப்பட்ட செங்கல் தொட்டி ஏறத்தாழ 219 மீட்டர் நீளமும் 37 மீட்டர் அகலமும் உடையது. அவர் அதைக் கப்பல் துறை என்றார். நீர்த்தேக்கம் என்று மறுத்தோரும் உளர். சபர்மதி ஆறு முன்னாளில் லோத்தலை ஒட்டி ஓடியதற்கான தடயத்தைக் காந்திநகர் இந்தியத் தொழில்நுட்பக் கழக ஆய்வாளர்கள் 2024இல் வெளியிட்டது துறைமுகக் கருத்துக்கு வலுவூட்டியுள்ளது. 1976இல் அங்கு நிறுவப்பட்ட அருங்காட்சியகத்தில் மணிகளையும் முத்திரைகளையும் பார்த்துவிட்டு, வெளியே வந்து கரையில் நின்று, இருதரப்பு வாதத்தையும் மாணவர் தம் கண்ணால் எடைபோடலாம். டில்லிக்கு அவ்வசதி இல்லை. நிலப்படமும் சொல்லுமே அங்குத் துணை.

கண்ணால் காண இயலாதோரையும் இச்சுற்றில் சேர்க்கும் முயற்சியாக, தொட்டுணர் படிமங்கள் கொண்ட தனிக் கூடம் ஒன்று தேசிய அருங்காட்சியகத்தில் 2015இல் திறக்கப்பட்டது. பெட்டிக்குள் உள்ள பொருளைப் பிறர் கண்ணாடி வழியே பார்க்கையில், இவர்கள் படிமத்தின் விளிம்பையும் வளைவையும் விரலால் தடவி அறிகின்றனர். பெயர்ப்பலகைக்கு வருவதற்கு முன்பே பொருளுக்கு வந்துவிடுகின்றனர்.