கூட்டுறவுத் தேர்தலும் நீதியும்

தனி ஒருவரால் இயலாத செயலைப் பலர் கூடி எளிதில் முடித்தல் கூடும். இவ்வுண்மையை அடிப்படையாகக் கொண்டு எழுந்ததே கூட்டுறவு இயக்கம். 1844-ஆம் ஆண்டில், இங்கிலாந்து நாட்டு ராக்டேல் நகரில் நெசவாளர் முதலிய 28 பேர் சிறுதொகை சேர்த்து ஒரு பண்டகசாலையைத் தொடங்கினர். பங்குத்தொகை எவ்வளவாயினும் உறுப்பினர் ஒருவர்க்கு ஒரு வாக்கே உண்டு என்பது அவர்கள் போற்றிய நெறி. இந்தியாவில் 1904-ஆம் ஆண்டில் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் இயற்றப்பட்டது. அவ்வாண்டிலேயே தமிழ்நாட்டின் முதற் கூட்டுறவுக் கடன் சங்கம் திரூரில் தோன்றியது.

வாணிகக் கம்பெனியில் பங்கு மிகுந்தவர்க்கு வாக்கும் மிகும். கூட்டுறவுச் சங்கத்திலோ பெருநிலக்கிழாரும் சிறு குடியானவரும் ஒத்த உரிமை உடையவர். இவர்கள் தேர்ந்தெடுக்கும் நிர்வாகக் குழுவே சங்கத்தை நடத்துகிறது. உழவர் பெறும் பயிர்க்கடன், அடகு வைக்கும் நகை, சிறுகச் சிறுகச் சேமித்த பணம் ஆகிய யாவும் அக்குழுவின் பொறுப்பில் உள்ளன. எனவே, தேர்தலில் நேர்மை குன்றின் சங்கத்தின் வாழ்வே குன்றும்.

பொதுப்பணிக்கு வருவோர் தூயவராக இருத்தல் வேண்டும் என்னும் கருத்துப் புதியதன்று. பத்தாம் நூற்றாண்டில், முதலாம் பராந்தக சோழன் காலத்தில் பொறிக்கப்பட்ட உத்தரமேரூர்க் கல்வெட்டு, ஊர் வாரியங்களுக்குக் குடவோலை வாயிலாக உறுப்பினரைத் தேர்ந்தெடுத்த முறையை விளக்குகிறது. முன்பு வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவர் மீண்டும் அப்பதவிக்கு வருதலை அது தடுத்தது. அவருடைய உறவினர்க்கும் அத்தடை உண்டு. சங்கத்திற்குரிய கடனைத் தவணையில் செலுத்தாதவர் நிர்வாகக் குழுவில் இடம்பெறலாகாது என்னும் இக்காலச் சட்டமும் அதே நோக்கம் உடையதாகும்.

தகுதியை வரையறுத்த பின்னும் பூசல்கள் எழுவதுண்டு. வாக்காளர் பட்டியலில் உறுப்பினர் பெயர் விடுபடலாம். இறந்தவர் பெயர் நீக்கப்படாமல் இருக்கலாம். தக்க காரணமின்றி வேட்புமனு தள்ளப்படலாம். வாக்கு எண்ணிக்கையில் பிழை நேரலாம். இவற்றால் துன்புற்றவர் எங்கே முறையிடுவது? எப்போது முறையிடுவது?

இவ்வினாவிற்கு வழிகாட்டிய வழக்கு ஒன்று தமிழ்நாட்டிலேயே தோன்றியது. முதற் பொதுத்தேர்தலின்போது, நாமக்கல் சட்டமன்றத் தொகுதியில் பொன்னுசாமி என்பவரின் வேட்புமனு தள்ளப்பட்டது. அவர் நீதிமன்றத்தை நாடினார். தேர்தல் நடந்துகொண்டிருக்கும்போது நீதிமன்றம் இடையே தலையிடுதல் ஆகாது என்றும், தேர்தல் முடிந்தபின் தேர்தல் மனுவின் வாயிலாகவே குறையைத் தீர்த்துக்கொள்ளல் வேண்டும் என்றும் 1952-ஆம் ஆண்டில் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஒவ்வொரு கட்டத்திலும் வழக்குத் தொடுத்து நிறுத்த இடமளித்தால் எத்தேர்தலும் முடிவுறாது அன்றோ?

இந்நெறி கூட்டுறவுச் சங்கங்களுக்கும் விரிந்தது. மகாராட்டிர மாநிலத்துப் பால் உற்பத்தியாளர் கூட்டுறவுச் சங்கம் ஒன்று தொடுத்த வழக்கில், வாக்காளர் பட்டியல் தயாரித்தலும் தேர்தலின் ஒரு பகுதியே என 2001-ஆம் ஆண்டில் உச்சநீதிமன்றம் கூறியது. தமிழ்நாட்டில், 1983-ஆம் ஆண்டுக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 90-ஆம் பிரிவு, நிர்வாகக் குழுவின் அமைப்பைப் பற்றிய பூசல்களைப் பதிவாளரிடம் முறையிட வழிசெய்கிறது.

பிழை ஒன்று நேர்ந்தது எனக் காட்டினால் மட்டும் தேர்தல் கவிழ்ந்துவிடாது. ஒருவர் 40 வாக்குகள் மிகுதியாகப் பெற்று வென்றார் எனக் கொள்வோம். அங்கே 5 வாக்குகள் முறையற்றவை எனினும் முடிவு மாறாது. 3 வாக்குகளால் வென்றிருப்பின், அதே 5 வாக்குகள் முடிவையே மாற்றியிருத்தல் கூடும். பிழை முடிவைப் பாதித்ததா என்று ஆராய்வதே தேர்தல் வழக்குகளின் பொது மரபு.

முறைமை எத்துணை இன்றியமையாதது என்பதை மற்றொரு தீர்ப்பும் உணர்த்துகிறது. கூட்டுறவுத் தேர்தல்களைச் சீர்செய்யும் நோக்குடன் 2011-ஆம் ஆண்டின் 97-ஆம் அரசியலமைப்புத் திருத்தச் சட்டம் இயற்றப்பட்டது. கூட்டுறவோ மாநிலங்களின் அதிகாரத்திற்கு உட்பட்டது. ஆதலின், மாநிலச் சட்டமன்றங்களுள் பாதிக்குக் குறையாதவற்றின் ஒப்புதல் அதற்குத் தேவைப்பட்டது. அவ்வொப்புதல் பெறப்படவில்லை. எனவே, 2021-ஆம் ஆண்டில் உச்சநீதிமன்றம், அத்திருத்தம் சேர்த்த கூட்டுறவுப் பகுதி மாநிலச் சங்கங்களுக்குச் செல்லாது என அறிவித்தது. நோக்கம் நன்றாயினும் வழியும் நன்றாதல் வேண்டும்.

எனினும், தேர்தல் முடியும்வரை பொறுத்திரு என்று கூறும் சட்டத்திற்கு ஒரு கடமையும் உண்டு. வழக்கு முடியுமுன் பதவிக்காலமே முடிந்துவிடின், வென்றவர் பெறுவது வெறும் தீர்ப்புத் தாள் மட்டுமே. எனவே, பொறுத்திருந்தவர்க்கு விரைந்து நீதி வழங்கப்படுதல் வேண்டும். உறுப்பினர்க்கும் கடமை உண்டு. வாக்காளர் பட்டியல் வெளியானவுடன் தம் பெயரைச் சரிபார்ப்பவரும், பிழை கண்டவிடத்து எழுத்தில் முறையிடுபவரும், பொதுக்குழுக் கூட்டத்தில் கணக்குக் கேட்பவருமே கூட்டுறவின் காவலர். அத்தகையோர் மிகுந்த சங்கத்தில் வழக்குகள் அருகும், நம்பிக்கை பெருகும்.