குறியீடுகள் உலகை மாற்றுமா?

கோடுகளையும் எழுத்துகளையும் வரைந்து, அவற்றின் வலிமையால் வெளியுலக நிகழ்ச்சிகளைத் திருப்ப இயலும் என்ற நம்பிக்கை மிகப் பழமையானது. தாயத்து, செப்புத் தகடு, மந்திரக் கட்டம் எனப் பல வடிவங்களில் அது வழங்கி வந்துள்ளது. முற்காலத்தவர் இதனைத் தேவதைகளின் ஆற்றல் என்று கூறி அமைந்தனர். இருபதாம் நூற்றாண்டிலோ இதே நம்பிக்கை அறிவியலின் மொழியில் பேசத் தொடங்கியது. ‘அறிவியல்பூர்வமானது’ என்ற முத்திரையுடன் வருவதைக் கற்றவர்களும் ஆராயாமல் ஏற்றுவிடுவதுண்டு. ஆகவே, இங்கிலாந்தில் தோன்றிய அத்தகைய கொள்கை ஒன்றை இங்கு ஆராய்வோம்.

ஓவியரும் சமன்பாடும்

ஆஸ்டின் ஆஸ்மன் ஸ்பேர் (1886–1956) லண்டனைச் சேர்ந்த ஓவியர். 1913-இல் தாமே வெளியிட்ட ‘தி புக் ஆஃப் பிளெஷர்’ என்ற நூலில் அவர் ஒரு முறையை விளக்கினார். விருப்பத்தை ஒரு வாக்கியமாக எழுத வேண்டும். அதன் எழுத்துகளை ஒரே உருவமாகப் பிணைக்க வேண்டும். அந்தக் குறியீட்டில் மனத்தை நிறுத்திய பிறகு, விருப்பத்தையே மறந்துவிட வேண்டும். அப்போது ஆழ்மனம் அதனை நிறைவேற்றித் தரும் என்பது அவரது துணிபு.

பின்னர் வந்த பீட்டர் கரோல் இம்முறைக்குக் கணித வடிவம் தந்தார். 1992-இல் வெளிவந்த ‘லிபர் கேயாஸ்’ என்ற நூலில் அவர் நான்கு காரணிகளைக் கூறுகிறார்: மனத்தின் தீவிர ஒருமுனைப்பு, செய்பவனுக்கும் இலக்குக்கும் உள்ள தொடர்பு, செய்பவனின் விழிப்புணர்வு, அவனது ஆழ்மன எதிர்ப்பு. ஒவ்வொன்றுக்கும் பூஜ்யம் முதல் ஒன்று வரை மதிப்பு உண்டு. முதலிரண்டை அப்படியே கொண்டு, பின்னிரண்டையும் தனித்தனியே ஒன்றிலிருந்து கழித்து, நான்கையும் பெருக்கினால் கிடைப்பது மந்திர ஆற்றலின் அளவு. ஒரு நிகழ்ச்சி இயல்பாக நடக்கக்கூடிய வாய்ப்பை அந்த ஆற்றல் எவ்வளவு உயர்த்தும் என்பதற்கு இன்னொரு சமன்பாடும் உண்டு. ‘ஈதர்’ என்ற பழைய சொல்லும் குவாண்டம் இயற்பியலின் சொற்களும் இக்கொள்கைக்குத் துணையாக வருகின்றன.

மூன்று கேள்விகள்

முதலாவது, இக்காரணிகளை எவ்வாறு அளப்பது? வெப்பத்தை அளக்கக் கருவி உண்டு. எடையை அளக்கத் தராசு உண்டு. ‘தொடர்பு’ அரையா முக்காலா என்று சொல்லும் கருவி எது? அளக்க இயலாதவற்றுக்கு எண் கொடுப்பதால் மட்டும் அறிவியல் பிறந்துவிடாது.

இரண்டாவது, எது நடந்தால் இக்கொள்கை தவறு என்று ஒப்புக்கொள்ளப்படும்? ஒரு கணக்கைப் பார்ப்போம். சாதகமான காரணிகள் இரண்டும் 0.9 என்றும், தடைகள் இரண்டும் 0.1 என்றும் கொண்டால் மந்திர ஆற்றல் ஏறத்தாழ 0.66. கரோலின் சமன்பாட்டின்படி, இயல்பில் நூற்றுக்கு ஐம்பது வாய்ப்புள்ள நிகழ்ச்சி ஏறக்குறைய எழுபத்திரண்டாக உயரும். நூற்றுக்குப் பத்தே வாய்ப்புள்ளதோ பதினொன்றைச் சிறிதே தாண்டும். அதாவது, எளிதில் நடக்கக்கூடியது நடந்தால் மந்திரத்தின் வெற்றி. அரியது நடவாவிட்டால் அது அரிது என்பதே விளக்கம். போதாததற்கு ‘உன் ஆழ்மனம் எதிர்த்தது’ என்ற பதிலும் காத்திருக்கிறது. தத்துவ அறிஞர் கார்ல் பாப்பர் 1934-இல் வெளியிட்ட தமது நூலில் வலியுறுத்தியது இதுவே: எந்த நிகழ்ச்சியாலும் பொய்ப்பிக்கப்பட இயலாத கொள்கை அறிவியல் ஆகாது.

மூன்றாவது, தோல்விகளை யார் எண்ணினார்கள்? 1620-இல் பிரான்சிஸ் பேகன் தமது நூலில் ஒரு நிகழ்ச்சியைக் குறிப்பிடுகிறார். நேர்ந்துகொண்டு கப்பல் விபத்திலிருந்து தப்பியவர்களின் ஓவியங்களை ஆலயத்தில் ஒருவருக்குக் காட்டினார்கள். நேர்ந்துகொண்டும் மூழ்கியவர்களின் ஓவியங்கள் எங்கே என்று அவர் கேட்டார். ‘பலித்தது’ என்ற செய்தியைக் கேட்கும்போதெல்லாம் நாமும் இக்கேள்வியைக் கேட்க வேண்டும்.

குறியீட்டால் பயனே இல்லையா?

இங்கு ஓர் ஐயம் எழலாம்: ‘அப்படியானால் யந்திரம், விக்கிரகம், பிரணவம் ஆகிய எல்லாம் வீணா?’ வீண் அல்ல. குறியீடு மனத்தின்மீது செயல்படுகிறது. தேசியக் கொடியைக் கண்டதும் நெஞ்சம் நிமிர்கிறது; துணியில் மந்திர ஆற்றல் ஏதும் இல்லை. மனம் மாறினால் செயல் மாறுகிறது; செயல் மாறினால் வாழ்க்கை மாறுகிறது. இந்தக் காரண காரியத் தொடரில் மர்மம் எதுவும் இல்லை.

நம் சாஸ்திரங்கள் குறியீட்டைப் பிரதீகம் என்கின்றன. பிரதீகத்தைப் பிரம்மமாகக் கருதி உபாசிக்கலாம். ஆனால் பிரதீகத்தையே ஆத்மாவாகக் கொள்ளலாகாது என்று பிரம்ம சூத்திரத்தின் நான்காம் அத்தியாயம் தெளிவுபடுத்துகிறது. சாளக்கிராமத்தில் விஷ்ணுவைக் காண்பதை ஆதிசங்கரர் எடுத்துக்காட்டாகக் கூறுகிறார். மனம் கல்லிலிருந்து இறைவனை நோக்கி உயர்கிறது. இறைவனைத் தன் விருப்பத்துக்கு வளைக்கும் கருவியாக அந்தக் கல் அங்கு இல்லை.

இனி, கரோலின் சமன்பாட்டை மீண்டும் ஒருமுறை பாருங்கள். அதில் விழிப்புணர்வு ஒரு குறை. அது பூஜ்யமாகும்போதே ஆற்றல் முழுமை பெறும். வேதாந்த சாதனையிலோ விழிப்பே உயிர். அது மங்கினால் சாதனையும் மங்கும். ஸ்பேரும் விருப்பத்தை மறக்கச் சொன்னார். கீதையும் பலனில் பற்றை விடச் சொல்கிறது. மேலோட்டமாக இரண்டும் ஒன்றுபோல் தோன்றும். ஆனால் அவர் மறக்கச் சொன்னது, விரும்பியது கைகூடுவதற்காக. கீதை விடச் சொல்வது, ஆசையின் பிடியிலிருந்தே மனிதன் விடுபடுவதற்காக. முன்னதில் ஆசை ஒளிந்துகொள்கிறது, பின்னதில் கரைகிறது. சித்திகள் சமாதிக்கு இடையூறு என்று பதஞ்சலி முனிவர் எச்சரிப்பதன் பொருளும் இதுவே.

தேர்வுக்கு அஞ்சும் மாணவனுக்கும், நோயால் கலங்கும் குடும்பத்துக்கும் ‘விஞ்ஞான யந்திரம்’ விற்கப்படும்போது இழப்பது பணம் மட்டுமன்று. படிக்க வேண்டிய நேரமும், மருத்துவரிடம் செல்ல வேண்டிய நாளும் கைநழுவுகின்றன. பலிக்காதபோது, ‘என் மனமே எதிர்த்தது’ என்று தன்னையே பழித்துக்கொள்ளும் துயரமும் சேர்கிறது. அறிவியலுக்கு உரியதை அறிவியலிடமே கேட்போம். வழிபாட்டை வழிபாடாகவே வைத்திருப்போம். சமன்பாட்டின் துணை இன்றியே அது மனத்தைத் தூய்மை செய்யும். தூய மனம் தன் கடமையைத் தெளிவாகக் காணும்.