பணிமூப்புப் பட்டியல் எழுதப் போகும் தம்பிக்கு

ஹம், ஜெர்மனி



மத்தியக் கூட்டுறவு வங்கியின் நிர்வாகப் பிரிவு உன் பொறுப்பில் வந்திருப்பதாகவும், முதல் வேலையாகப் பணிமூப்புப் பட்டியலைத் தயாரிக்கும்படி உத்தரவாகியிருப்பதாகவும் நீ எழுதிய கடிதம், மகள் வீட்டில் மூன்று மாதம் விருந்தாளியாக வந்திருக்கும் என் கைக்குக் கிடைத்தது.

இந்த ஊரை நம்மவர் அறிவது, ஈழத்திலிருந்து வந்தவர்கள் எழுப்பி 2002-இல் குடமுழுக்குச் செய்த காமாட்சி அம்பாள் கோயிலால். எனக்கோ ஹம் என்றதும் நினைவில் எழுந்தவர், கூட்டுறவுக் கடன் சங்கங்களுக்கு வித்திட்ட பிரீட்ரிக் வில்ஹெல்ம் ரைஃபைசன். அவர் 1818-இல் ஹம் என்னும் ஊரில் பிறந்தார் என்று பயிற்சி வகுப்பில் மனப்பாடம் செய்தவனாகையால், அவர் வீடு எங்கே என்று ஆவலோடு கேட்டேன். அது சீக் நதிக்கரையில் உள்ள வேறொரு ஹம் என்று சொல்லிப் பேரன் சிரித்தான். ஊருக்கே இந்தக் குழப்பம் உண்டென்றால் ஆளுக்கு இராதா? உன் பட்டியலில் இரண்டு முருகேசன்கள் இருந்தால் தகப்பனார் பெயரையும் பிறந்த தேதியையும் சேர்த்தே எழுது.

ரைஃபைசனின் சங்கங்களில் நிர்வாகிகள் யாவரும் ஊதியமின்றி உழைக்க, கணக்கர் ஒருவருக்கு மட்டுமே சம்பளம் இருந்தது. சம்பளக்காரர் ஒருவரே என்னும் இடத்தில் மூத்தவர் யார், இளையவர் யார் என்ற விவகாரம் எங்கிருந்து வரும்? அவருடைய முறையே நமக்கு உகந்ததென்று சென்னை ராஜதானியில் ஃபிரெடரிக் நிக்கல்சன் 1895-லும் 1897-லும் அறிக்கை அளித்து, 1904-இல் சட்டமும் பிறந்து, சங்கங்கள் பெருகி, கணக்கர் ஒருவர் அமர்ந்திருந்த இடத்தில் உதவியாளர், மேற்பார்வையாளர், மேலாளர் என்று படிகள் உண்டான பிறகே வழக்கும் உண்டாயிற்று.

அந்த வழக்குகளில் பெரும்பாலானவை, யோக்கியதாம்சத்தையும் மூப்பையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பியதால் வந்தவை. முன்னது உள்ளே வரலாமா என்பதைப் பற்றியது. பின்னது வந்தவர்கள் எந்த வரிசையில் நிற்பது என்பதைப் பற்றியது. வேலைவாய்ப்பு அலுவலகத்தின் வழியே வராமல் சங்கங்களில் சேர்ந்து ஆண்டுக்கணக்கில் உழைத்தவர்களை நிரந்தரமாக்க 2001-இல் தமிழக அரசு ஆணை பிறப்பித்தது. ஆனால் உமாராணி வழக்கில் 2004-இல் உச்ச நீதிமன்றம், சட்டத்தை மீறிய நியமனம் காலத்தின் நீளத்தால் முறையான நியமனமாகிவிடாது என்று தீர்த்தது. தீர்ப்பு நியாயமானதே என்பது என் அபிப்பிராயம்; ஆயினும் விதியை மீறி நியமித்தவர்கள் பதவிக்காலம் முடிந்து சௌக்கியமாக வீடு போய்ச் சேர, நீதிமன்றப் படியேறியவர்கள் அவர்களை நம்பி வந்த எளியவர்கள் என்பதை நினைக்கும்போது மனம் கசக்கவே செய்கிறது.

முறையாக வந்தவர் விஷயத்தில் உனக்குச் சந்தேகமே வேண்டியதில்லை. விதிப்படி நியமனம் பெற்றவருடைய மூப்பை, பணி நிரந்தரமாக்கப்பட்ட நாளைக் கொண்டு அன்று, நியமன நாளைக் கொண்டே கணக்கிட வேண்டும் என்று 1990-இல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு, மகாராஷ்டிரப் பொறியாளர்களின் வழக்கில் தெளிவாக்கிவிட்டது.

தொல்லை இன்னும் சிறிய இடத்தில் ஒளிந்திருக்கும். நான் பணிபுரிந்த ஒரு வங்கியில் ஒரே நாளில் இருவர் சேர்ந்தார்கள். தேர்வில் யார் முந்தியவர் என்பதைப் பணிப்பதிவேட்டில் குறிக்காமல், எழுதியவர் அகரவரிசையில் பெயர்களை எழுதிவிட்டார். பதவி உயர்வு வந்த சமயம் பின்னால் நின்றவர் மனுப் போட்டார். தேர்வுப் பட்டியலைத் தேடினால் கோப்பே இல்லை. எதிரெதிர் மேஜையில் அமர்ந்திருந்த இருவரும் அதன்பின் ஒரு வார்த்தை பேசிக்கொள்ளவில்லை. மேல்முறையீடு முடிவதற்குள் ஒருவர் ஓய்வும் பெற்றுவிட்டார். அந்தப் பதிவேட்டில் சரிபார்த்ததாகக் கையொப்பமிட்டவர்களில் நானும் ஒருவன்.

ஜெர்மனியில் ஒரு நல்ல ஏற்பாடு இருக்கிறது. வாக்குரிமையுள்ள தொழிலாளர் இருபது பேருக்கு மேல் உள்ள ஸ்தாபனத்தில், அவர்கள் தேர்ந்தெடுத்த குழு இருக்குமானால், ஒருவரை நியமிப்பதற்கும் சம்பளப் பிரிவில் வைப்பதற்கும் முன்னதாக அக்குழுவின் சம்மதத்தைப் பெற வேண்டும். குழு மறுப்பதானால் ஒரு வாரத்துக்குள் காரணங்காட்டி எழுத்தில் மறுக்க வேண்டும். பிறகும் முதலாளி விடாப்பிடியாக இருந்தால் தொழிலாளர் நீதிமன்றத்தைத்தான் நாட வேண்டும். மேல்முறையீட்டைக் கேட்கும் மாநிலத் தொழிலாளர் நீதிமன்றம் ஒன்று இந்த ஹம் நகரிலேயே இருக்கிறது. வேலை குறைந்து ஆட்குறைப்புச் செய்யும்போதும், யாரை நிறுத்துவது என்பதில் பணியாண்டுகளையும் வயதையும் குடும்பப் பொறுப்பையும் கடுமையான ஊனத்தையும் கருத வேண்டும் என்பது சட்டம்.

நம்மிடம் அத்தகைய குழு இல்லாவிடினும், முடிவுக்கு முன் கேட்பது என்ற அதன் தருமத்தை நீ கைக்கொள்ளலாம். வரைவுப் பட்டியலை எல்லாக் கிளைகளுக்கும் அனுப்பு. ஒவ்வொரு பெயருக்கும் எதிரே நியமன நாளையும், தேர்வில் பெற்ற இடத்தையும், கூட்டுறவுப் பயிற்சியில் தேறிய நாளையும், எந்த விதியின்படி அந்த இடம் தரப்பட்டது என்பதையும் எழுது. ஆட்சேபிக்கிறவனை விரோதியாகப் பாராதே. அவன் கொண்டுவரும் மனு எவ்வளவு அற்பமானதாகத் தோன்றினாலும் வாங்கிக்கொண்டு, தேதியும் கையொப்பமும் இட்ட ஒப்புகைச் சீட்டை அப்போதே அவன் கையில் கொடுத்துவிடு.